தமயந்தியின் இந்த வாரப் படம்

காலையில் பால் காய்ச்சி, டிகாஷன் இறக்கி, டிவியைப் போட்டேன். போன வருடம் இறந்த என் மனைவி, ஆவணப்பட இயக்குநர் தமயந்தி, புதிய படமொன்றில் பேசிக்கொண்டிருந்தாள். அவளுடைய முகமும் குரலும் இப்போது சேனலுக்குச் சொந்தம்; அவர்கள் எழுதிக் கொடுப்பதைக் கணினி அவளாகப் பேசும்.

"என் பத்து வருட ஆய்வு சொல்கிறது. கிளிஞ்சல் தெருக்காரர்கள் இந்த மண்ணின் மக்கள் அல்ல. அவர்கள் சாமியும் நம் சாமி அல்ல."

அந்தத் தெரு சவரிமுத்து கைக்குழந்தையோடு வாசலில் நின்றான்.

"எங்க நண்டுக்குழம்புக்குச் சண்டை போடுவாங்களே அக்கா. இப்ப அவங்க பேரச் சொல்லித்தாண்ணே கதவ உடைக்கிறானுங்க."

"அது அவ இல்ல, சவரி."

"எனக்குத் தெரியும்ணே. கட்டையோட வர்றவனுக்கு யாரு சொல்றது?"

அவனை உள்ளே இழுத்துத் தாழ்ப்பாள் போட்டேன். தெருமுனையில் கூச்சல் கேட்டது.

அவள் எடுத்துப் பாதியில் நின்றுபோன கிளிஞ்சல் தெருப் படத்தை எப்படி முடிப்பது என்று போன வருடம் மருத்துவமனையில் அவளிடம் கேட்டிருந்தேன். அவள் உண்மையிலேயே கடைசியாகச் சொன்னது:

"எனக்கென்னப்பா தெரியும்? அவங்களையே கேளு."