நெற்றி மை

“ஆடாதே பெஸ்ஸே! நெத்தி முடியச் சிரைச்சாத்தான் கல்யாணக் கறுப்பு மை ஒட்டும்” என்றாள் அலங்காரக்காரி இத்தாங்.

“பவுடரும் சின்னக் கொண்டையும் போதும்க்கா. இந்த மலேசியச் செம்பனைத் தோட்டத்துல யாரு பாக்கப் போறா?”

“ஊரு கடலுக்கு அந்தப் பக்கம் இருந்தா, நம்ம பூகிஸ் சனத்துக் கல்யாணப் பொண்ணு வெறும் நெத்தியோட போயிடுவாளா? வாய மூடு!”

“அவரு சிரிப்பாரு.”

“சிரிக்கட்டும்.”

அன்று மதியம் இந்தோனேசியத் தூதரகத்தில் பதிவு முடிந்து அதிகாரி திருமணச் சான்றிதழை நீட்டியதும், பத்து வயது மகள் ஓடிவந்து பெஸ்ஸேயைக் கட்டிக்கொண்டாள்.

“காகிதம் கெடச்சிடுச்சாம்மா? இனி என்னைப் பள்ளிக்கூடத்துல சேத்துப்பாங்கல்ல?”

நிக்காஹ் முடிந்தும் பதினோரு வருடமாகக் காகிதமில்லாமல் குடும்பம் நடத்திய பெஸ்ஸே, சான்றிதழை மகள் கையில் கொடுத்துவிட்டு அழுதாள்.

“நல்லா அழு” என்றாள் கூட வந்திருந்த இத்தாங். “என் மை கரையாது.”