இறுதிப் போட்டியும் ஒரு முட்டியும்

"முட்டி போயிடுச்சா டாக்டர்? உண்மையைச் சொல்லுங்க."

அணிச் சீருடையோடு ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்ற யாஸ்னாவின் குரல் நடுங்கியது.

டாக்டர் ஒப்ராத் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்தார். "சில்லு உடைஞ்சிருக்கு. ஆபரேஷன்தான்."

"மறுபடி நடக்க முடியுமா?"

"நடக்கலாம். நான் உன் முட்டியை அறுத்தப்பகூட கிண்டலடிச்சுக்கிட்டு கிடந்தே. இன்னைக்கு ஏம்மா இப்படி நடுங்குறே?"

செல்போன் அலறியது. பயிற்சியாளர்.

"பெல்கிரேடுல ஃபைனல்! பஸ் காத்துக்கிட்டிருக்கு, கேப்டனைக் காணோம்!"

"ஆஸ்பத்திரியில இருக்கேன் கோச். முட்டி உடைஞ்சிருச்சு."

"கடவுளே, மறுபடியுமா?"

போனை அணைத்துவிட்டு, எதிரே இருந்த அறைக்குள் ஓடினாள் யாஸ்னா. படுக்கையில், காலில் கட்டோடு, அவள் அம்மா மிலுங்கா.

"வாசல் தாண்டினவ ஏண்டி திரும்பி வந்தே? அபசகுனம்!"

"நீ விழுந்துட்டேன்னு பக்கத்து வீட்டுல போன் பண்ணினாங்களே, வராம இருப்பேனா?"

கிளம்புகிறவர் பின்னால் தண்ணீர் ஊற்றினால் போகும் காரியம் தண்ணீராய்த் தடையில்லாமல் ஓடும் என்பது அவர்கள் ஊர் நம்பிக்கை. மகளின் ஃபைனலுக்காக மிலுங்கா ஒரு குடமே ஊற்றியிருந்தாள். ஜனவரிக் குளிரில் அது வாசற்படியிலேயே உறைந்தது. கடைக்குக் கிளம்பியவள் அதிலேயே வழுக்கி விழுந்தாள்.

"எனக்கு ஒண்ணுமில்ல. போய் ஜெயிச்சுட்டு வா."

யாஸ்னா மனசில்லாமல் அறையைவிட்டு வெளியே வந்தாள். பின்னால் 'சளக்'கென்று சத்தம்.

மிலுங்காவின் கையில் காலி டம்ளர்.

வழவழவென்று பளபளத்த தரையைப் பார்த்து டாக்டர் அலறினார்: "யாரும் அசையாதீங்க!"