இப்படி ஒரு வீடு இல்லை

"இப்படி ஒரு வீடு இல்லைன்னு எழுதித் திருப்பி அனுப்பிட்டேண்ணே."

தபால்காரர் சைக்கிளை விட்டு இறங்காமலே சொன்னார். இது மூன்றாவது தடவை.

ரொட்டி சுடும் அடுப்புக்காரருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ரொட்டிக்கடைக்கு மேலே, படி முடிகிற இடத்தில், அந்த இல்லாத வீட்டின் வாசலில்தான் அவர் நின்றுகொண்டிருந்தார்.

"வீடு இல்லையா? அப்ப நான் என்ன, ஆகாசத்துலயா தொங்குறேன்?"

"கடைக்கு நம்பர் இருக்கு. மாடிக்கு இல்லை. நம்பர் இல்லாட்டி எங்க கணக்குல அது வீடே இல்லை."

"ஆறு வருஷமா தினம் காலையில என் கையால சுடச்சுட ரொட்டி வாங்கித் தின்னுறியே, அது மட்டும் கணக்குல இருக்கா?"

"ரொட்டிக்கு நம்பர் கேக்க மாட்டாங்கண்ணே."

மணியை ஒரு தட்டு தட்டிவிட்டுப் போயே போய்விட்டார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

விஷயம் இவ்வளவுதான். ஒன்றாம் தேதியிலிருந்து அரசாங்கத்தின் புது அடையாள அட்டை இருந்தால்தான் கப்பலில் ஏற்றுவார்கள். கடலுக்கு அந்தப் பக்கம், தீவில், அவருடைய ஒரே மகளுக்கு நிறைமாதம். அம்மா இல்லாத பெண். "அப்பா, நீங்க வந்துடுவீங்கல்ல?" என்று தினமும் போனில் கேட்கிறாள். அவரும் தினமும் "வராம?" என்கிறார்.

பிறப்புச் சான்றிதழை எங்கிருந்தோ வரவழைத்தார். முதலாளியிடம் கெஞ்சி வேலைக் கடிதம் வாங்கினார். போட்டோவில் சிரித்துவிட்டார் என்று தள்ளிவிட்டார்கள். சிரிக்காமல் இன்னொன்று எடுத்தார். அதில் யாரையோ அடிக்கப் போகிறவர் மாதிரி இருந்தார். அதை உடனே வாங்கிக்கொண்டார்கள்.

பாக்கி ஒன்றே ஒன்று. அட்டை அலுவலகம் அவர் விலாசத்துக்கு ஒரு கடிதம் அனுப்பும். அது கைக்கு வந்தால், அவர் அங்கே குடியிருப்பது உண்மை.

அதுதான் மூன்று தடவை படி ஏறாமலே திரும்பிவிட்டது.

நாலு நாள் கழித்து ஒரு மத்தியானம், அடுப்பு அணைந்த பிறகு, மாவு மூட்டைகளின் மேல் சாய்ந்தவர் கண்ணயர்ந்துவிட்டார்.

கடலெல்லாம் மாவு மாதிரி வெளுத்துக் கிடந்தது. சத்தமே இல்லாமல் கப்பல் போனது. வெள்ளை உறைகள் கூட்டமாகப் பறந்து வந்தன. ஒவ்வொன்றும் அவர் முகத்தருகே வந்து நின்று, எதையோ தேடி, கிடைக்காமல் திரும்பியது. கரையில் மகள் கையில் ஒரு துணிப் பொதியோடு நின்று கையசைத்தாள். "இந்தா வந்துட்டேம்மா!" என்றார். அவள் அவரைத் தாண்டிப் பின்னால் யாரையோ பார்த்தாள். குனிந்து பார்த்தார். காலுக்கடியில் கப்பல் இல்லை. காலும் இல்லை.

வியர்த்து எழுந்தார். ஒரு தாளை இழுத்துப் புகார் எழுதினார்.

'இந்தத் தபால்காரருக்கு என்னை ஆறு வருஷமாக நன்றாகத் தெரியும். நான் மாடியில் குடியிருப்பதும் தெரியும். தெரிந்தும் வேண்டுமென்றே திருப்பி அனுப்புகிறார்.'

எழுதிய வேகத்தில் அட்டை அலுவலகத்துக்கு ஓடினார்.

கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் இருந்த அம்மா அவர் பெயரைக் கேட்டதும் நிமிர்ந்தார்.

"நீங்கதானா? நானே சொல்லி அனுப்பணும்னு இருந்தேன். உங்க மாடிக்குத் தனி நம்பர் போட்டாச்சு. கைரேகை வச்சிட்டுப் போங்க. வெள்ளிக்கிழமை அட்டை ரெடி."

"கடிதமே வரலையேம்மா!"

"வராததுதான் உங்க நல்ல நேரம். நம்பர் இல்லாத விலாசத்துல கடிதத்தை வாங்கிட்டு வந்திருந்தீங்கன்னா மனுவே தள்ளுபடி. மறுபடி போட ஆறு மாசம் ஆகும். வீடே இல்லைன்னு மூணு தடவை திரும்பி வந்தா மட்டும்தான் நாங்களே ஆள் அனுப்பிப் பார்த்து நம்பர் போடணும்னு விதி. இது உள்ள இருக்கிற எங்களுக்கும் தபால்காரங்களுக்கும்தான் தெரியும்."

சுற்றிலும் இருந்த சத்தமெல்லாம் தண்ணீருக்குள் கேட்பது மாதிரி ஆகிவிட்டது. அவருக்குத் தான் நிற்கிறோமா மிதக்கிறோமா என்றே தெரியவில்லை. அந்தப் பயல் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?

"ஏம்மா, இதைத் தபால்காரரே சொல்லலாமில்ல?"

"சொன்னா அவர் கதி? ஆள் குடியிருக்கிறது தெரிஞ்சும் இல்லைன்னு எழுதினா அது பொய் அறிக்கை. சீட்டைக் கிழிச்சு வீட்டுக்கு அனுப்பிடுவாங்க. அதென்ன கையில?"

அவர் சுதாரிப்பதற்குள் அந்த அம்மா தாளை உருவிப் படித்தார். முகம் மாறியது.

"தெரிஞ்சே செஞ்சாரா? ஆறு வருஷப் பழக்கமா? இது பெரிய விஷயமாச்சே. அடியில கையெழுத்தை விட்டுட்டீங்க, பாருங்க. கையெழுத்து இல்லாம நான் எதுவும் பண்ண முடியாது. போட்டுக் குடுங்க, இன்னைக்கே மேல அனுப்பிடறேன்."

தடுப்பின் இடுக்கு வழியாகத் தாளும் பேனாவும் வந்தன.

"அவசரத்துல என்னமோ உளறி எழுதிட்டேம்மா. அந்த ஆளு கறுப்பா சிவப்பான்னுகூட எனக்குத் தெரியாது" என்றார் அடுப்புக்காரர். தாளை நாலாக மடித்துச் சட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டார்.

கையெழுத்துப் போடவில்லை.