பகை தின்னும் முட்டை

மூன்று வாரமாகக் குணாளன் தொட்டதற்கெல்லாம் மனைவி தமயந்தியிடம் எரிந்து விழுந்தான். போன வருடம் இறந்துபோன அவள் அப்பாவையும் இழுத்து வைத்துப் பேசினான். அவளும் பதிலுக்குக் கத்தினாள். அவன் செல்போனை எடுத்துப் பார்த்தபோதுதான் அவளுக்குக் காரணம் தெரிந்தது. அதில் இருந்த, மான்ஸ்டர் வளர்க்கும் விளையாட்டில் அவன் அடைகாக்கும் அபூர்வ முட்டை, வீட்டில் இருப்பவர்களின் பகையைத் தின்றுதான் பொரியுமாம்.

"இதுக்காகவா எங்கப்பாவைப் பேசினீங்க?"

"இன்னும் ரெண்டே நாள்தான். நல்லா கத்து."

அவள் கத்தவில்லை. முட்டை பட்டினி கிடந்து சாகட்டும் என்று, அன்று முழுவதும் இனிமையாகவே பேசினாள்.

மறுநாள் காலையிலேயே முட்டை உடைந்து, இதுவரை யாருக்கும் கிடைக்காத கரிய குட்டி எட்டிப் பார்த்தது.

"எப்படிடி செஞ்சே?" என்று பூரித்தான் குணாளன்.

தமயந்தி காபியை நீட்டினாள். "சூடா இருக்கு, பாத்துக் குடிங்க."

திரையில் குட்டி இன்னும் கொஞ்சம் வளர்ந்தது.