நனைந்த மீசை

ஆவடி ஃபேக்டரி குவார்ட்டர்ஸ் மைதானத்தில் இருட்டத் தொடங்குகிறது. இரண்டு மூங்கிலுக்கு நடுவே கட்டிய வெள்ளைத்துணி காற்றில் வயிறு உப்பி அடங்குகிறது. குவார்ட்டர்ஸ் மன்றச் செயலாளர் என்ற தெம்பில், இன்றைக்குச் சண்டைப் படம் என்று நான் எல்லோருக்கும் வாக்குக் கொடுத்திருக்கிறேன். படப்பெட்டியில் வந்திருப்பதோ வெள்ளைக்காரர்களின் பழைய ஊமைப்படம். "இன்னா அண்ணாத்தே, வாயத் தொறக்கவே மாட்றாங்கோ, மிஷின் அவுட்டா?" என்று பாயிலிருந்து ஒரு குரல் கேட்கிறது. ஓடுவதற்கு வாகாகச் செருப்பைக் கையில் எடுத்துக்கொள்கிறேன். அப்போதுதான் திரையில் ஒரு குண்டுப் போலீஸ்காரன் வருகிறான். கதாநாயகனிடம் உதை வாங்குவதற்கென்றே வந்தவன். டைட்டிலில் அவன் பெயர்கூட இல்லை. அந்த வழுக்கை, அந்தத் தொங்குமீசை, இடுப்பில் கைவைக்கும் தோரணை எல்லாம் முன்வரிசை நாற்காலியில் இருக்கும் ஃபோர்மேன் நாகேந்திரன் சாரேதான். போலீஸ்காரன் வாளியில் கால் சிக்கித் தடுமாறுகிறான். மைதானமே சிரிப்பை வாயில் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. காலையில் அவரிடம்தானே வேலைக்குப் போய் நிற்க வேண்டும். புரொஜெக்டர் மட்டும் கிர்ரென்கிறது. "யோவ், இந்தாளு அச்சு அசல் உன்ன மாரியே கீறான்யா!" என்கிறார் அவர் மனைவி சாமுண்டீஸ்வரி. நான் செருப்பை இன்னும் இறுக்கிப் பிடிக்கிறேன். ஃபோர்மேன் நாற்காலியின் முதுகு மெல்லக் குலுங்குகிறது. "டேய், பாத்துடா நைனா, பின்னால தொட்டி கீது!" என்று ஃபோர்மேன் கத்துகிறார். போலீஸ்காரன் தண்ணீர்த் தொட்டியில் விழுகிறான். மைதானம் வெடித்துச் சிரிக்கிறது. நான் செருப்பைக் கீழே போடுகிறேன். திரையில் அவன் எழுந்து மீசையைப் பிழிகிறான். நாற்காலியில் இவர், சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்த கையோடு, தம் மீசையையும் ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொள்கிறார்.