வாடகை வாக்கர்

"இங்க வெர்னாங்கிறது யாரு?"

கதவைத் திறந்த வேகத்துல வெளியே பெய்ஞ்ச பனியும் அந்த ஆள்கூடவே உள்ளே வந்துது. நாற்பது வயசு இருக்கும். தொப்பியைக்கூடக் கழட்டலை.

"நான்தான். கதவைச் சாத்துங்க"ன்னா வெர்னா, கம்ப்யூட்டர்லேர்ந்து கண்ணை எடுக்காம.

"நான் டேரன் பிக்கெட். ஆர்லோ பிக்கெட்டோட மகன். பிடிச்சுக்கிட்டு நடக்கற ஒரு வாக்கரைக் குடுத்துட்டு ரெண்டு வருஷமா எங்க அப்பாகிட்ட வாடகை கறக்கறீங்களே, மனசாட்சியே கிடையாதா உங்களுக்கு?"

பின்னாடி ரூம்ல சக்கர நாற்காலிக்கு டயர் மாட்டிக்கிட்டு இருந்த நான், ஸ்பேனரைக் கீழே வெச்சுட்டு எட்டிப் பார்த்தேன். உண்மையைச் சொல்றேன், எனக்கு உள்ளூர குஷிதான். நோயாளிங்களுக்கான சாமான்களை விக்கற, வாடகைக்கும் விடற எங்க கடையில பில் போடறது வெர்னா. எதைக் கேட்டாலும் வள்ளுன்னு விழுவா. நல்லா மாட்டினா மகராசின்னு நினைச்சேன்.

சத்தம் கேட்டு முதலாளி கர்ட் வந்தார். "என்ன சார் விஷயம்?"

"இடுப்பு ஆபரேஷனுக்கு அப்புறம் அப்பா எடுத்த வாக்கர் சார் அது. அப்போ வந்துட்டுப் போனவன், கொலம்பஸ் ஊர்லேர்ந்து இப்பதான் வரேன். வந்தா இந்தக் கொள்ளை! இன்னிக்குக் காலையில நான் பக்கத்துல இருக்கேன், இந்த அம்மா போன் பண்ணி, 'வாடகை வாக்கர் இன்னும் உபயோகத்துல இருக்கா?'ன்னு கேட்கறாங்க. மாசாமாசம் இப்படித்தானாம். அப்பாவே சொல்றார்."

கர்ட் முகம் வெளிறிப் போச்சு.

போகாதா பின்னே? வயசானவங்களுக்கு அரசாங்கம் நடத்தற இன்சூரன்ஸான மெடிகேருக்கு நாங்க அனுப்பற பில்லுல, சாமானோட நம்பருக்குப் பின்னாடி ரெண்டு எழுத்து போடணும். புதுசா வித்ததுன்னா 'என்யூ'. வாடகைன்னா 'ஆர்ஆர்'. வாடகையா இருந்தா மாசாமாசம் ஆளைக் கூப்பிட்டு, இன்னும் உபயோகத்துல இருக்கான்னு கேட்டாகணும். கேட்டப்புறம்தான் எழுத்தைப் போடலாம். அந்த ரெண்டு எழுத்து தப்பாப் போய்த்தான் பக்கத்து ஊர்க் கடைக்குப் பூட்டு விழுந்துது.

"வெர்னா, வாக்கருக்கு வாடகை அதோட விலையைத் தொட்டதும் நின்னுடணும். அதுக்கு மேலயும் 'ஆர்ஆர்' போட்டிருந்தீங்கன்னா அது திருட்டு. தெரியும்ல?"

"தெரியும்."

"அப்போ அந்தத் திரையைத் திருப்புங்க."

"வேண்டாம் கர்ட்."

"திருப்புங்க. இல்லேன்னா இன்னியோட உங்க வேலைக்கு முழுக்கு!"

இந்த வயசுல அவளுக்கு வேற யார் வேலை குடுப்பாங்க?  வேற வழியில்லாம திரையைத் திருப்பினா.

கர்ட் கண்ணாடியை மாட்டிக்கிட்டுக் குனிஞ்சார். "பிக்கெட்... வாக்கர்... 'ஆர்ஆர்', 'ஆர்ஆர்'... இதென்ன? போன வருஷம் பனி விழறதுக்கு முன்னாடியே நின்னு போச்சே! அப்புறம் ஒரு பில்லுமே இல்லையே!"

"இல்லை. அந்த வாக்கர் அவருக்கே சொந்தமாகி ரொம்ப நாளாச்சு"ன்னா வெர்னா.

"அப்போ காலையில எதுக்குக் கூப்பிட்டீங்க?"ன்னான் டேரன்.

வெர்னா மேஜை மேல இருந்த டோனட் துணுக்குகளை ஒண்ணு ஒண்ணாப் பொறுக்கிக்கிட்டே சொன்னா.

"வாடகை முடிஞ்ச மாசம் நான் கூப்பிடலை. ஒரு வாரம் பார்த்துட்டு அவரே கூப்பிட்டார். 'ஏம்மா, இந்த மாசம் என்னைக் கேட்கவே இல்லையே, மறந்துட்டியா?'ன்னார். இனிமே கேட்க வேண்டியதில்லைன்னு சொல்ல எனக்கு வாய் வரலை. 'வேலை ஜாஸ்தி மிஸ்டர் பிக்கெட். சொல்லுங்க, வாக்கர் உபயோகத்துல இருக்கா?'ன்னு கேட்டுட்டேன். தக்காளிச் செடியை மான் மேய்ஞ்சதுலேர்ந்து எல்லாத்தையும் சொன்னார். அன்னிலேர்ந்து என்னோட காபி நேரத்துலதான் கூப்பிடறேன் கர்ட். கடை நேரத்துல இல்லை."

கர்ட் கண்ணாடியைக் கழட்டித் துடைக்க ஆரம்பிச்சார்.  இவளையா மாட்டட்டும்னு நினைச்சேன், சே!

டேரன் தொப்பியைக் கழட்டினான். குரல் இறங்கிப் போச்சு.

"மன்னிச்சுக்குங்க. ஆனா பாவம், அப்பா இன்னும் வாடகை ஓடுதுன்னே நினைச்சுக்கிட்டு இருக்காரே. அந்தக் கவலை எதுக்கு அவருக்கு? இப்பவே சொல்லிடறேன்."

"வேண்டாங்க..."ன்னு வெர்னா கையை நீட்டறதுக்குள்ள, போனை ஸ்பீக்கர்ல போட்டு மேஜை மேல வெச்சுட்டான்.

"அப்பா! நல்ல சேதி. அந்த வாக்கருக்கு வாடகையே கிடையாது. உங்களுக்கே சொந்தமாகி ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு!"

போன்ல கிழவர் குரல் வந்துது.

"தெரியும்டா."

"தெரியுமா? எப்படி?"

"இன்சூரன்ஸ்காரன் அப்பவே கடுதாசி போட்டுட்டானே."

"அப்புறம் ஏம்ப்பா மாசாமாசம் அந்த அம்மாகிட்ட ஒண்ணும் தெரியாத மாதிரி பதில் சொல்லிக்கிட்டு இருக்கீங்க?"

"கத்தாதேடா, மெதுவாப் பேசு!"ன்னார் கிழவர். "இது வெர்னா காதுல விழுந்துதுன்னா, அடுத்த மாசம் என்னைக் கூப்பிட மாட்டா."