வராத எதிராளி

கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு அவளுக்கு இன்னும் ஒரே ஆட்டம்தான் பாக்கி. டிரா செய்தாலே போதும். இருபது வருஷக் கனவு.

காலையில் ஆடப் போனவள் அரை மணி நேரத்தில் ஹோட்டல் அறைக்குத் திரும்பி, கட்டிலில் விழுந்தாள்.

"என்னாச்சும்மா?" பக்கத்தில் உட்கார்ந்து தலையைத் தடவினான் கணவன்.

"எதிராளி வரலைங்க. நான் ஜெயிச்சதா அறிவிச்சுட்டாங்க."

"நான்தான் சொன்னேனே, இன்னைக்கு நீதான்னு! அப்புறம் ஏன் அழற?"

"ஆடாம ஜெயிச்சா பட்டத்துக்குச் செல்லாதுங்க! எல்லாம் போச்சு. காலையில எழுப்பிவிடச் சொல்லி இதே ஹோட்டல் ரிசப்ஷன்ல சொல்லிட்டுத்தான் அந்த மனுஷன் தூங்கியிருக்கார். யாரோ அவர் பேரைச் சொல்லி, எழுப்ப வேண்டாம்னு போன் பண்ணியிருக்காங்க. அந்தக் கை விளங்காமப் போக!"

தடவிக்கொண்டிருந்த கை அப்படியே நின்றது. விடியற்காலையில் ரிசப்ஷனுக்குப் போன் செய்த கை.